வாராதவர் மேன்முறையீடு

(சங்கத்தின் இளைஞர் பேச்சரங்கில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



சமயமும் இலக்கியமும் பேசக் கேட்டுப் பழகிய இச்சபையின் முன்னே நான் சட்டத்தைப் பற்றிப் பேச எழுந்திருக்கின்றேன். அதிலும், குடியியல் மேன்முறையீடு செய்தவர்கள் விசாரணை நாளில் நீதிமன்றுக்கு வாராதொழிந்தால் என்ன நேருகின்றது என்பதே நான் எடுத்துக்கொண்ட பொருள். இளைஞனொருவனுக்கு இதனிலும் இனிய பொருள் அகப்படவில்லையா என்று சிலர் எண்ணக்கூடும். ஆயினும் நம்மவர் வீட்டுப் பெட்டகங்களைத் திறந்து பார்ப்போமாயின், காணி உறுதிகளோடு உறுதியாக ஒரு வழக்குக் கட்டும் அங்கே கிடப்பதைக் காண்போம். எல்லை வேலி, கிணற்றுப் பங்கு, ஒழுங்கை வழி, சீதனக் காணி என்று நம் குடும்பங்களின் சரித்திரத்திற் பாதி நீதிமன்றப் பதிவேடுகளிலேயே எழுதப்பட்டிருக்கின்றது. தந்தை தொடங்கிய வழக்கை மகன் நடத்துகின்றான். மகன் முடிக்காததைப் பேரன் கேள்விப்படுகின்றான். ஆதலால் இப்பொருள் நமக்கு அந்நியமானதன்று.

முதலில், மேன்முறையீடு என்பது யாது? நம் கிராமத்தார் ‘அப்பீல்’ என்று சொல்வது இதனையே. கீழ்மன்றின் தீர்ப்பிற் பிழை உண்டென்று கருதுபவர், அதனைத் திருத்துமாறு மேன்மன்றை வேண்டுதல் மேன்முறையீடு. நம் நாட்டிற் குடியியல் வழக்குகள் நடைபெறும் முறையை வகுத்திருப்பது 1889 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கக் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை. பல திருத்தங்களைக் கண்டும் இன்றுவரை அதுவே நின்று நிலவுகின்றது. மாவட்ட நீதிமன்றின் தீர்ப்பில் மனக்குறை கொண்டவர், ஞாயிற்றுக்கிழமைகளும் பொது விடுமுறை நாள்களும் நீங்கலாக 14 நாள்களுள் மேன்முறையீட்டு அறிவித்தலைக் கொடுக்க வேண்டும். தீர்ப்புத் திகதியிலிருந்து 60 நாள்களுள் மேன்முறையீட்டு மனுவைச் சமர்ப்பிக்க வேண்டும். 

முன்னாளில் இம்மனுக்கள் கொழும்புக்குச் சென்றன. வசதி படைத்தோர் அதற்கப்பாலும் கடல் கடந்து இலண்டன் மாநகரிலிருந்த பிரிவிக் கவுன்சில்வரை சென்றனர். அவ்வழி 1971 ஆம் ஆண்டில் அடைக்கப்பட்டது. பின்னர் 2006 ஆம் ஆண்டின் 54 ஆம் இலக்கச் சட்டம், மாவட்ட நீதிமன்றுகளிலிருந்து வரும் குடியியல் மேன்முறையீடுகளைக் கேட்கும் அதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றங்களுக்கு அளித்தது. யாழ்ப்பாணத்துக் காணி வழக்கின் மேன்முறையீடு இப்போது யாழ்ப்பாணத்திலேயே கேட்கப்படுகின்றது. அதற்கு மேற் செல்ல விரும்புவோர் உயர் நீதிமன்றின் அனுமதியைப் பெறவேண்டும்.

இனி, விசாரணை நாளுக்கு வருவோம். வழக்கு இலக்கம் கூப்பிடப்படுகின்றது. மேன்முறையீட்டாளரின் பெயர் கூப்பிடப்படுகின்றது. ஆளும் இல்லை; ஆளுக்காக எழுந்து நிற்கச் சட்டத்தரணியும் இல்லை. எதிர்த்தரப்பினர் மட்டும் வந்திருக்கின்றனர். நீதிபதி என்ன செய்யவேண்டும்?

பள்ளிக்கூடத்து வரவுப் பதிவேட்டை நினைத்துப் பாருங்கள். பெயர் கூப்பிடும்போது மாணவன் இல்லையாயின், ஆசிரியர் ‘வரவில்லை’ என்று குறிக்கின்றார். ‘கணக்கிற் சித்தியடையவில்லை’ என்று குறிப்பதில்லை. வாராமை வேறு, தோல்வி வேறு. அவன் கணக்கில் வல்லவனா அல்லனா என்பது அன்று ஆராயப்படவே இல்லை. மேன்முறையீட்டை வாராமைக்காகத் தள்ளுதலும் அவ்வாறே. மேன்முறையீட்டாளர் சொன்னது சரியா பிழையா என்று எவரும் ஆராயவில்லை. ஆனால் அவருடைய காணியைப் பொறுத்தவரையில் விளைவு ஒன்றே: கீழ்மன்றின் தீர்ப்பு நிலைத்துவிடுகின்றது. 

இந்த வேறுபாட்டை இந்தியச் சட்டம் வெளிப்படையாகவே கூறுகின்றது. அந்நாட்டின் 1908 ஆம் ஆண்டுக் குடியியல் நடைமுறைச் சட்டத்தில் 41 ஆம் கட்டளையின் 17 ஆம் விதி, மேன்முறையீட்டாளர் வாராவிடின் மேன்முறையீட்டைத் தள்ளலாம் என்கின்றது. 1976 ஆம் ஆண்டுத் திருத்தம் அவ்விதிக்கு ஒரு விளக்கத்தைச் சேர்த்தது. வாராதவரின் மேன்முறையீட்டை, வழக்கின் குணதோஷங்களை ஆராய்ந்து தள்ளும் அதிகாரத்தை அவ்விதி நீதிமன்றுக்குத் தரவில்லை என்பதே அவ்விளக்கம். தள்ளினால் வாராமைக்காகவே தள்ளலாம். ‘உன் வழக்கும் பிழை’ என்று அவர் இல்லாத இடத்திற் சொல்லலாகாது. அப்படித் தள்ளப்பட்ட மேன்முறையீட்டை, போதிய காரணம் காட்டுபவருக்கு மீண்டும் ஏற்றுக்கொள்ள 19 ஆம் விதி இடமளிக்கின்றது.

நமது சட்டக்கோவையின் 769 ஆம் பிரிவு வேறொரு வழியிற் செல்கின்றது. மேன்முறையீட்டாளர் தாமாகவோ தம் சட்டத்தரணி மூலமாகவோ தோன்றாவிடின், நீதிமன்றம் அம்மேன்முறையீட்டைக் கருத்திற் கொண்டு தனக்குத் தக்கதெனத் தோன்றும் கட்டளையை ஆக்குதல் வேண்டும் என்பது அதன் கருத்து. இங்கே ‘கருத்திற் கொண்டு’ என்பதை நாம் ஊன்றி நோக்கவேண்டும். ஆள் வரவில்லை என்ற ஒன்றைமட்டும் கண்டு கட்டை மூடி வைத்துவிடுமாறு சட்டம் சொல்லவில்லை. வந்திருப்பது மனு, அதனை எடுத்துப் பார் என்கின்றது. அப்படியும் தள்ளப்பட்டதாயின், போதிய காரணம் காட்டப்படும்போது, நீதிமன்றம் தக்க நிபந்தனைகளோடு அதனை மீண்டும் நிலைநிறுத்தலாம் என்று அப்பிரிவே காப்பும் தருகின்றது. 2006 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி இந்த ஏற்பாடுகள் மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் பொருந்தும்.

எதிர்த்தரப்பினர் வாராத இடத்தும் நம் சட்டம் அவசரப்படுவதில்லை. மேன்முறையீட்டு அறிவித்தல் அவருக்கு முறையாகச் சேர்ப்பிக்கப்பட்டதா என்பதில் நீதிமன்றுக்குத் திருப்தியில்லையாயின், மீண்டும் அறிவித்தல் அனுப்பலாமென்று 770 ஆம் பிரிவு கூறுகின்றது. 

இப்படியாயின், வாராதவர் எவராயினும் அவருக்கு இரங்குவதே நீதி என்று இளைஞர்களாகிய நாம் சொல்லிவிடலாமா? அவசரப்படலாகாது. ஓர் உதாரணம் கொள்வோம். தங்கை ஒருத்தி, தனக்குச் சீதனமாக எழுதப்பட்ட வீடுவளவைத் தமையன் விடமறுக்கின்றான் என்று வழக்கிடுகின்றாள். மாவட்ட நீதிமன்றம் தங்கைக்குத் தீர்ப்பளிக்கின்றது. தமையன் மேன்முறையீடு செய்கின்றான். வீட்டை விட்டு எழும்பவும் இல்லை. மேன்முறையீடு நிலுவையில் இருக்கும்போது தீர்ப்பை நிறைவேற்றுமாறு தங்கை தனியே விண்ணப்பிக்க வேண்டும். தனக்குப் பெருநட்டம் நேருமென்று காட்டி, தமையன் அதற்குத் தடை கேட்கலாம். ஒவ்வொரு தவணைக்கும் தங்கை பஸ் ஏறி வருகின்றாள். சட்டத்தரணிக்குப் பணம் கட்டுகின்றாள். பிள்ளைகளை அயல் வீட்டில் விட்டு வருகின்றாள். தமையனோ வருவதில்லை. அவனுக்கு வழக்கு முடியவேண்டிய தேவையும் இல்லை. முடியாதிருக்கும் ஒவ்வொரு நாளும் அவனுக்கு இலாபமன்றோ? இப்படிப்பட்டவனுடைய மேன்முறையீட்டைத் தள்ளாது நீட்டிக்கொண்டே போவது, வென்றவளைத் தண்டிப்பதாகும். விழித்திருப்போருக்கே சட்டம் உதவும், உறங்குவோருக்கன்று என்ற பழைய முதுமொழி உரோமர் வழியாக வந்த சட்டத்தில் உண்டு. அது தங்கையின் பக்கம் நின்று பார்த்தால் மிகவும் நியாயமானது.

நம் முன்னோரும் வழக்கென்றாற் சபைக்கு வந்து முகங்கொடுப்பதையே முறையெனக் கொண்டனர். சேக்கிழார் சுவாமிகள் கூறும் தடுத்தாட்கொண்ட வரலாறு நீங்கள் அறிந்ததே. மணப்பந்தலிலே முதியவர் ஒருவர் வந்து, நம்பியாரூரர் தமக்கு அடிமை என்று வழக்கிட்டார். நம்பியாரூரர் அவரைப் பித்தர் என்று இகழ்ந்தார். ஓலையைப் பறித்துக் கிழித்தார். ஆனாலும் வழக்குத் திருவெண்ணெய்நல்லூர்ச் சபைக்குப் போவதென்றானபோது, மணக்கோலத்தோடு அங்கே சென்றார். பித்தரின் வழக்குக்கு நான் ஏன் போகவேண்டும் என்று வீட்டில் இருந்துவிடவில்லை. சபையார் இருபக்கத்தாரையும் கேட்டனர். மூல ஓலையை வாங்கிப் பார்த்தனர். பாட்டனாரின் கையெழுத்தை வேறோர் ஓலையிலுள்ள எழுத்தோடு ஒப்பிட்டனர். அதன் பின்னரே தீர்ப்புச் சொன்னார்கள். தோற்றவரும் அத்தீர்ப்பை ஏற்றுக்கொண்டார். தாம் நின்று கேட்ட தீர்ப்பு என்பதும் அதற்கொரு காரணமென்றே நான் எண்ணுகின்றேன்.

இனி அதே வழக்கின் மறுபக்கத்தைப் பார்ப்போம். தமையனிடத்தில் வஞ்சகம் இல்லை. உறுதியிலே உண்மையான ஒரு பிழையிருக்கின்றது. கீழ்மன்றம் அதனைக் கவனிக்கவில்லை என்று வைத்துக்கொள்வோம். விசாரணை நாளன்று அவன் வைத்தியசாலையிற் கிடக்கின்றான். அல்லது அவனுடைய சட்டத்தரணி 16 ஆம் திகதியை 19 என்று நாட்குறிப்பில் எழுதிவிட்டார். அல்லது பதிவுத் தபால் பழைய விலாசத்துக்குப் போய்த் திரும்பிவிட்டது. இவற்றுள் எதுவும் உறக்கமன்று. ஆனால் நீதிமன்றிலே பெயர் கூப்பிடப்படும்போது, வஞ்சகனின் மௌனமும் நோயாளியின் மௌனமும் ஒன்றுபோலவே கேட்கின்றன. இதுவே இவ்விடயத்தின் முடிச்சு. அவ்விரண்டையும் பிரித்தறிவதற்காகவே ‘போதிய காரணம்’ என்ற வாயில் திறந்து வைக்கப்பட்டிருக்கின்றது.

சட்டத்தரணியின் தவறுக்காகக் கட்சிக்காரர் கெடலாமா என்ற வினா இங்கே எழுகின்றது. நம் உயர் நீதிமன்றம் இதனை ஆராய்ந்து வகுத்த நெறி 1991 ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையிற் பதிவாகியுள்ளது. வெறுந் தவறாயின் பொதுவாக மன்னிக்கலாம். அசிரத்தையை, அதிலும் தொடர்ந்து வரும் அசிரத்தையை, மன்னிக்க இயலாது. எது தவறு, எது அசிரத்தை என்பது அவ்வவ் வழக்கின் நிகழ்ச்சிகளைப் பொறுத்தது என்பதே அதன் சாரம். மன்னிக்க முடியாத இடத்தில், தம் சட்டத்தரணியின் செயலுக்குக் கட்சிக்காரர் கட்டுப்பட வேண்டியவரே. 

இந்திய உச்ச நீதிமன்றின் 1981 ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்று இன்னும் இரக்கத்தோடு பேசுகின்றது. அலகாபாத் மேன்மன்றிலே வழக்கறிஞர் வாராமையால் ஒருவரின் மேன்முறையீடு தள்ளப்பட்டிருந்தது. தூரத்துக் கிராமத்திலே வாழும் ஒருவன், வழக்கறிஞரை அமர்த்திக் கட்டணத்தையும் கொடுத்தபின், தன் வழக்கை அவர் பார்த்துக்கொள்வார் என்று நம்பியிருப்பது இயல்பே. அவர் வாராத குற்றத்துக்காக அக்கிராமத்தவனைத் தண்டித்தல் தகாது என்ற கருத்தை நீதிபதி தேசாய் எடுத்துரைத்து, மேன்முறையீட்டை மீட்டுக் கொடுத்தார். ஆனால் அதே நீதிமன்றம் 1993 ஆம் ஆண்டில், இது எல்லோருக்கும் பொதுவான விதியன்று என்று ஓர் எல்லையும் இட்டது. அங்கே வந்த கட்சிக்காரர் கல்கத்தா நகரத்துக் கம்பெனி ஒன்று. நகரத்திலிருந்து வாணிகம் நடத்துவோர் கிராமத்து ஏழையின் போர்வையைப் போர்த்துக்கொள்ள முடியாதென்று நீதிமன்றம் கருதிற்று. இவ்விரு தீர்ப்புகளையும் சேர்த்துப் படித்தால், யார் வாராதவர், அவரால் வரக்கூடியதாக இருந்ததா என்று கேட்பதே நீதி என்பது விளங்கும்.

பெரியோர்களே, ‘வரக்கூடியதாக இருந்ததா’ என்ற இவ்வினா நம் மண்ணிலே எவ்வளவு கனமானது என்பதை நான் உங்களுக்குச் சொல்லவேண்டுவதில்லை. இடம்பெயர்ந்தவனுக்கு விலாசம் ஏது? காணி ஓரிடம், உறுதி ஓரிடம், ஆள் ஓரிடம் என்று சிதறிய குடும்பங்கள் பல. 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கச் சட்டம் இவ்வுண்மையை ஏற்றுக்கொண்டது. 1983 மே 1 ஆம் திகதி தொடக்கம் 2009 மே 18 ஆம் திகதி வரையுள்ள காலத்தில், யுத்த நிலைமை காரணமாகத் தம் உரிமைகளைத் தொடர இயலாதிருந்தோருக்கு, காலம் கடந்துவிட்டதென்ற தடையை நீக்க அது வழிசெய்தது. அச்சட்டம் காலவரையறை பற்றியது. மேன்முறையீட்டில் வாராமையைப் பற்றியதன்று. இரண்டையும் குழப்பிக்கொள்ளலாகாது. ஆனாலும் அதன் உள்ளே இருக்கும் எண்ணம் நம் பொருளுக்கும் உரியது: வரமுடியாதவனை உறங்கியவன் என்று எண்ணலாகாது.

இன்று நிலைமை மாறியிருக்கின்றது. இப்பொழுது வாராமைக்கு வேறு காரணங்கள் உண்டு. வழக்காளி இங்கே முதுமையில் இருக்கின்றார்; பிள்ளைகள் கனடாவிலும் இலண்டனிலும் இருக்கின்றனர். அறிவித்தல் வருகின்றது, அது எந்த மொழியில் இருந்தாலும் பெரியவருக்கு அதன் சட்டநடை விளங்குவதில்லை. ‘மகன் வரும்போது காட்டுவோம்’ என்று படத்தட்டின் பின்னே செருகி வைக்கின்றார். மகன் வருமுன்னே தவணை வந்து போய்விடுகின்றது. ஆதலால் இச்சங்கத்து இளைஞர்களாகிய நாம் செய்யக்கூடிய சிலவற்றைக் கூறி என் பேச்சை முடிக்கலாமென எண்ணுகின்றேன்.

முதலாவது, நம் வீட்டிலும் அயலிலும் உள்ள முதியவர்களுக்கு வரும் நீதிமன்றக் கடிதங்களை அன்றன்றே வாசித்துச் சொல்வோம். வழக்கு இலக்கத்தையும் தவணைத் திகதியையும் சுவர்க் கலண்டரிற் பெரிதாக எழுதிவைப்போம். சட்டத்தரணியின் நாட்குறிப்பில் அது இருக்குமென்று விட்டுவிடலாகாது. 1974 ஆம் ஆண்டு தொடக்கம் அப்புக்காத்து, பிறக்கிராசி என்ற இருவகுப்பும் சட்டத்தரணி என்ற ஒரே பெயரில் அடங்கிவிட்டன. பெயர் மாறினாலும் அவரும் மனிதரே. ஒருநாளில் நான்கு மன்றுகளில் நிற்கவேண்டியவர்.

இரண்டாவது, விலாசம் மாறினால் உடனே சட்டத்தரணிக்கு எழுத்திலே அறிவிக்கவேண்டும். வழக்காளி காலமானாலும் அறிவிக்கவேண்டும். மேன்முறையீடு நிலுவையில் இருக்கையில் ஒரு தரப்பினர் இறந்தால், அவரிடத்துக்குத் தக்க ஒருவரைப் பதிலாகச் சேர்ப்பதற்குச் சட்டக்கோவையின் 760அ பிரிவு வழிசெய்கின்றது. செத்த வீட்டின் துயரிலே இதனை எவரும் நினைப்பதில்லை. அந்தியேட்டி முடிந்த பின்னராவது நினைப்பூட்ட வேண்டியவர் படித்த பிள்ளையே.

மூன்றாவது, தவணை நாளில் முதியவரைத் தனியே அனுப்பாது கூடச் செல்வோம். சட்டத்தரணி வாராவிடின், எழுந்து நின்று, ‘ஐயா, மேன்முறையீட்டாளர் வந்திருக்கின்றார், சட்டத்தரணி இன்னும் வரவில்லை’ என்று பணிவோடு சொல்ல ஒருவர் வேண்டும். தாமாக வந்து நிற்பவரை வாராதவர் என்று சட்டம் சொல்வதில்லை.

நான்காவது, எவ்வளவு முயன்றும் தவணை தவறிப்போயிற்றாயின், வெட்கத்தினாலோ பயத்தினாலோ பேசாதிருக்கலாகாது. அறிந்த உடனேயே, சத்தியக்கடதாசியோடும் வைத்தியச் சான்றிதழ் முதலிய அத்தாட்சிகளோடும், மேன்முறையீட்டை மீண்டும் நிலைநிறுத்துமாறு விண்ணப்பிக்க வேண்டும். காரணம் எவ்வளவு நல்லதாயினும், ஆறுமாதம் கழித்துச் சொன்னால் அதன் பலம் குறைந்துவிடும். பணமில்லாதார் 1978 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சட்டத்தால் நிறுவப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

ஐந்தாவதாகச் சொல்லப்போவது பெரியோர்களுக்குச் சற்றுக் கசப்பாக இருக்கலாம், பொறுத்தருள்க. மேன்முறையீட்டை நடத்தும் எண்ணமில்லையாயின், அதனை வெளிப்படையாக மீளப்பெற்றுக்கொள்ளுங்கள். எதிரியைக் காத்திருக்க வைப்பதற்காக வழக்கை வைத்திருப்பது நம் குடிக்கு அழகன்று. அந்த எதிரி பெரும்பாலும் நம் தங்கையாகவோ, தமையனாகவோ, வேலிக்கு அப்பால் இருக்கும் சிறிய தந்தையாகவோ இருக்கின்றார். வழக்கு முடிந்தபின்னும் நல்லது கெட்டதுக்கு அவர் வீட்டுப் படலையைத்தான் நாம் திறக்கவேண்டும்.

சபையோர்களே, தோற்றவர் வீட்டிலே இரண்டு வகையான பேச்சைக் கேட்கலாம். ‘எங்கள் நியாயத்தைச் சொன்னோம், நீதிபதி ஏற்கவில்லை’ என்பது ஒன்று. ‘எங்கள் நியாயத்தை ஒருவரும் கேட்கவேயில்லை’ என்பது மற்றது. முன்னையது ஒரு தலைமுறையில் ஆறிவிடும். பின்னையது பேரப்பிள்ளைகள் காலம்வரை பகையாய் நின்றுவிடும். வாராதவரின் காரணத்தைக் கேட்பது நீதிமன்றின் கடமை. வரவேண்டியவரைக் கைபிடித்துக் கூட்டிச் செல்வது நம் கடமை. நம் சங்கத்துப் பிள்ளைகள் உள்ள ஊரிலே, அறியாமையினால் ஒரு முதியவரின் மேன்முறையீடு தள்ளப்பட்டது என்ற சொல் எழாதிருக்கட்டும்.